அரக்குக்குள் இருந்த பாட்டு

பாண்டவர்களுக்குக் கட்டிய அரக்கு மாளிகையை எல்லோருக்கும் தெரியும். தீப்பட்டால் உருகும் அதே அரக்கில்தான் கொள்ளுத்தாத்தா காலத்துப் பாட்டுகளும் குடியிருந்தன என்பது தெரியுமா?

1902 நவம்பரில் கல்கத்தாவில் கௌஹர் ஜானின் குரல் பதிவானது. ஆனால் இசைத்தட்டு அச்சானது ஜெர்மனியின் ஹனோவர் நகரில். 1908-ல்தான் கல்கத்தா சியால்டாவில் தட்டு ஆலை வந்தது. தட்டுக்கு முக்கியச் சரக்கு அரக்கு. புரசு, இலந்தை போன்ற மரங்களின் கிளைகளில் ஒரு சின்னப் பூச்சி சுரக்கும் பிசின் அது. உலகத்துக்கு அதை அதிகம் அனுப்பிய நாடு இந்தியா. இங்கிருந்து கப்பலேறிய அரக்கு, பாட்டைச் சுமந்துகொண்டு திரும்பி வந்தது!

அரக்கோடு கல்மாவும் கரித்தூளும் சேர்த்தார்கள். சுழலும்போது அந்தக் கல்மாவு எஃகு ஊசியைத் தேய்த்துவிடும். அதனால் ஒவ்வொரு பக்கத்துக்கும் புது ஊசி போட வேண்டும். வெயிலில் வைத்தால் தட்டு வளையும், கீழே விழுந்தால் உடையும். நிமிடத்துக்கு 78 முறை சுற்றும் 10 அங்குலத் தட்டில் ஒரு பக்கம் சுமார் 3 நிமிடம்தான். மேடையில் ஒரு மணி நேரம் விரியும் ராகமும் அதற்குள் மடங்க வேண்டும். வித்வானுக்குக் கெடு வைத்தது தட்டின் அகலம்!

தட்டு என்ற இந்த உடம்பை வைத்தே விளையாடிப் பார்த்த கலைஞர்களும் உண்டு. பிராகாவைச் சேர்ந்த மிலன் க்னீஷாக் 1960-களில் தட்டுகளைக் கீறினார், எரித்தார், வெட்டினார். வெவ்வேறு தட்டுகளின் துண்டுகளை ஒட்டி ஓடவிட்டார். 1985-ல் கிறிஸ்டியன் மார்க்லே உறையே இல்லாத தட்டு ஒன்றை வெளியிட்டார். கை மாறும்போது விழும் ஒவ்வொரு கீறலும் அதன் இசையில் சேர்ந்துகொண்டது. 2007-ல் கேட்டி பேட்டர்சன், ஐஸ்லாந்துப் பனிப்பாறைகளின் ஓசையை அவற்றின் உருகிய நீரையே உறையவைத்துச் செய்த தட்டுகளில் பதித்தார். தட்டு உருகி முடிந்ததும் பாட்டும் முடிந்தது.

வேடிக்கைதான். ஆனால் இதில் ஒரு பாடம் இருக்கிறது. சென்னை ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் போன்ற இடங்களில் பழைய தட்டுகள் சேகரிக்கப்பட்டுள்ளன. இப்படிப்பட்ட தட்டுகளைக் கணினிக் கோப்பாக மாற்றும்போது கரகரப்பை நீக்கலாம். அளவு மீறினால் குரலின் ஒரு பகுதியும் சேர்ந்து போய்விடும். போனதைக் கோப்பிலிருந்து மீட்க முடியாது. தட்டு இருந்தால் மறுபடி ஊசி வைக்கலாம்.

அதனால் பரணில் கிடக்கும் பழைய தட்டை, "அதான் நெட்டில் கிடைக்குதே" என்று காயலான் கடைக்குப் போட்டுவிடக் கூடாது. நாளை இன்னும் நல்ல கருவி வரும். அன்று கேட்பதற்கு அரக்கு மிச்சம் இருக்க வேண்டும்.