ஊமைப்படமும் பேசும்படமும்: ராஜா சாண்டோவின் இரு பயணங்கள்

நம் சங்கத்தில் சினிமாப் பேச்சு வந்தால், "ராஜா சாண்டோ பம்பாய்ல பெரிய ஹீரோவா இருந்தாரு. படம் பேச ஆரம்பிச்சதும் பாஷை ஒத்துவராம ஊருக்குத் திரும்பிட்டாரு" என்று யாராவது ஒருவர் சொல்லாமல் விடமாட்டார். நானும் பல வருஷம் அப்படித்தான் நம்பியிருந்தேன். ஆண்டுகளை வரிசையாக ஒரு தாளில் எழுதிப் பார்த்த பிறகுதான் கதை வேறு என்று புரிந்தது.

சாண்டோ புதுக்கோட்டைக்காரர். இயற்பெயர் நாகலிங்கம். தேகப்பயிற்சியில் தேர்ந்தவர் என்பதால், உலகப் புகழ்பெற்ற பயில்வான் யூஜின் சாண்டோவின் பெயர் அவரோடு ஒட்டிக்கொண்டது. 1920களில் பம்பாய்ப் படங்களில் நடிக்கத் தொடங்கினார். சந்துலால் ஷா இயக்கிய 'டைப்பிஸ்ட் கேர்ள்' (1926), 'குணசுந்தரி' (1927) ஆகியவற்றில் அவருக்கு முக்கிய வேடம். ஊமைப்படத்தில் வசனம் எழுத்து அட்டையாக வரும். அட்டையை மாற்றினால் படம் எந்த ஊரிலும் ஓடும். ஆகவேதான் நம்ம புதுக்கோட்டைத் தமிழர் வடநாட்டுக் குடும்பக் கதைகளில் கதாநாயகனாக உலவ முடிந்தது. அங்கேயே டைரக்டராகவும் உயர்ந்தார்.

இனி ஆண்டுகளைக் கவனியுங்கள். இந்தியாவின் முதல் பேசும்படமான 'ஆலம் ஆரா' பம்பாய் மெஜஸ்டிக் தியேட்டரில் வெளியானது 1931 மார்ச் 14 அன்று. சாண்டோ 1930லேயே சென்னையில், ஆர். பத்மநாபனின் அசோசியேட்டட் பிலிம்ஸ் கம்பெனிக்காக 'பேயும் பெண்ணும்', 'நந்தனார்' ஆகிய ஊமைப்படங்களை இயக்கியிருந்தார். பின்னாளில் 'தியாகபூமி' எடுத்த கே. சுப்பிரமணியம் சினிமாவில் அடியெடுத்து வைத்ததும் அந்தக் கம்பெனியில்தான். ஆக, சாண்டோவை ஒலி விரட்டவில்லை; அது வருமுன்பே அவர் கிளம்பிவிட்டார். பேசும்படம் வந்தபின் பம்பாய்க் கதவு அடைபடவும் இல்லை. 1934இல் வந்த 'இந்திரா எம்.ஏ.' என்ற இந்திப் படத்திலும் அவர் நடித்திருக்கிறார்.

உண்மையில் ஒலியால் தடுமாறியது சென்னைதான். அங்கே ஒலிப்பதிவு ஸ்டூடியோ அமைந்தது 1934இல். அதுவரை தமிழ் பேசவேண்டுமானால் தமிழன் ரயிலேற வேண்டும்! 1931 அக்டோபர் 31இல் வெளியான 'காளிதாஸ்' படத்தையே எச்.எம். ரெட்டி பம்பாயில்தான் எடுத்தார். 1935இல் டி.கே.எஸ். சகோதரர்களின் நாடகமான 'மேனகா' பேசும்படமானபோது, இயக்கியவர் சாண்டோ. படப்பிடிப்பு பம்பாய் ரஞ்சித் ஸ்டூடியோவில். பம்பாய்த் தொழிலும் தெரிந்து, நம்மவர் பாஷையும் தெரிந்த ஆள் வேறு யார் இருந்தார்? என்.எஸ். கிருஷ்ணன் முதன்முதலில் திரையில் தோன்றியதும் அந்தப் படத்தில்தான். பிறகு 'திருநீலகண்டர்' (1939) வரை வந்தும், மனுஷன் ஓயவில்லை. 1943இல் காலமானார்.

இந்த ஆண்டுக் கணக்கெல்லாம் எதற்கு என்று கேட்கலாம். தென்னிந்திய ஊமைப்படங்களில் முழுதாகத் தப்பிப் பிழைத்தது 'மார்த்தாண்ட வர்மா' (1933) ஒன்றுதான் என்கிறார்கள் ஆய்வாளர்கள். படச்சுருள் அழிந்த இடத்தில் வதந்தி குடியேறிவிடுகிறது. பாஷை தெரியாமல் தோற்றுத் திரும்பியவர் என்ற பெயர், இரண்டு ஊருக்கும் பாலம் போட்டவருக்கு நாம் செய்யும் அநியாயம்.

அதனால் அங்கத்தினர்களுக்கு ஒரு வேண்டுகோள். உங்கள் தாத்தாவின் டிரங்குப் பெட்டியில் பழைய சினிமா நோட்டீஸோ பாட்டுப் புத்தகமோ கிடந்தால், பழைய பேப்பர்காரருக்குப் போட்டுவிடாதீர்கள். அதில் அச்சான ஒரு தேதி போதும், ஒரு மனிதரின் சரித்திரத்தைத் திருத்த.