மதுரை அரியணையும் மூன்று நாட்டுப் படைகளும்

சூரியநெல்லியிலிருந்து கொழுக்குமலைக்கு ஏறிச் செல்வோர் மலையின் கீழ்த்திசை விளிம்பை அடைந்ததும் இருவேறு நிலப்பரப்புகளை ஒருங்கே காண்கின்றனர். மேற்கே தேயிலைத் தோட்டங்கள் அடுக்கடுக்காக விரிந்து கிடக்கின்றன. கிழக்கே, மிகத் தாழ்வில், போடியும் தேனியும் அமைந்த சமவெளி தோன்றுகிறது. அச்சமவெளியின் நீர் வைகையிற் கலந்து மதுரையை நோக்கிச் செல்கிறது. பாண்டி நாட்டுக்கு இம்மலைத்தொடர் மேற்கெல்லையாக மட்டும் இருக்கவில்லை. மதுரையில் அரியணையை இழந்தவர்களுக்கு அது புகலிடமாகவும் இருந்தது. அவ்வாறு மலைநாட்டிற்குத் தப்பிச் சென்ற ஓர் இளவரசனை முன்னிட்டுத் தொடர்ந்த உள்நாட்டுப் போர் ஒன்றைப் பற்றியே இன்று நாம் ஆராயப் புகுகிறோம்.

கி.பி. 12-ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் பாண்டி நாட்டில் நிகழ்ந்தது அப்போர். தொடக்கத்தில் அது ஒரு குடும்பத்தின் தாயத்தகராறு மட்டுமே. பராக்கிரம பாண்டியன் மதுரையில் ஆட்சி புரிந்து வந்தான். அவ்வரியணைக்கு உரிமை கொண்டாடிய குலசேகர பாண்டியன் அவன்மேற் படையெடுத்து மதுரையை முற்றுகையிட்டான். தன் வலி போதாதெனக் கண்ட பராக்கிரம பாண்டியன், 1153 முதல் 1186 வரை இலங்கையை ஆண்ட முதலாம் பராக்கிரமபாகுவிடம் உதவி வேண்டினான். அவ்வேந்தனும் இலங்காபுரித் தண்டநாயகன் என்னும் படைத்தலைவனை அனுப்பினான். ஆனால் அப்படை வந்து சேருமுன்னரே குலசேகரன் மதுரையைக் கைப்பற்றி, பராக்கிரம பாண்டியனையும் அவன் மனைவி மக்களையும் கொன்றுவிட்டான். இளைய மகனாகிய வீரபாண்டியன் ஒருவனே உயிர் தப்பி மலைநாட்டிற் கரந்துறைந்தான்.

யாருக்கு உதவ இலங்கைப் படை புறப்பட்டதோ, அவன் இறந்துபட்டான். எனினும் படை திரும்பவில்லை. அதற்கு இப்போது வேறொரு காரணம் கிடைத்தது. தந்தையை இழந்த இளவரசனுக்கு அரியணையை மீட்டுத் தருவதே அக்காரணம். உள்நாட்டுப் போர்களில் அயலார் தலையீடு பெரும்பாலும் இவ்வாறே வளர்கிறது. அழைத்தவன் மறைந்தாலும், வந்தவன் தங்குவதற்கு ஏதேனும் ஒரு நியாயம் எஞ்சி நிற்கும்.

இப்போரின் செய்திகளை நாம் இருவகைச் சான்றுகளிலிருந்து அறிகிறோம். ஒன்று, இலங்கையில் பாலிமொழியில் எழுதப்பெற்ற மகாவம்சத்தின் பிற்பகுதி. மற்றொன்று, சோழ நாட்டிலும் தொண்டை நாட்டிலும் உள்ள கற்களில் பொறிக்கப்பெற்ற தமிழ்க் கல்வெட்டுகள். காஞ்சிக்கு அருகிலுள்ள ஆர்ப்பாக்கத்துக் கல்வெட்டு, பல்லவராயன்பேட்டைக் கல்வெட்டு, திருவாலங்காட்டுக் கல்வெட்டு ஆகிய மூன்றும் அவற்றுள் தலையாயவை. பாலி நூலைப் படிக்குங்கால் நம்மவர்க்கு வியப்பளிக்கும் செய்தி ஒன்று உண்டு. அதில் வரும் பாண்டி நாட்டுத் தலைவர்களின் பெயர்கள் ‘ராயர்’, ‘நாடாள்வார்’ எனத் தமிழ் மரியாதை விகுதியோடே அமைந்துள்ளன. பகைவர் நூலிலும் நம் பெயர்கள் தம் ஒலியையும் மதிப்பையும் இழக்கவில்லை.

இனி, போர்க்களங்களை நோக்குவோம். மன்னார்க் கரையிலுள்ள மாதோட்டத்தில் கப்பலேறிய இலங்காபுரன், தென்கரையில் இறங்கி இராமேசுவரத்தைக் கைப்பற்றினான். பின்னர்ப் பாம்பனை அடுத்த குந்துகாலில் ஒரு கோட்டையை எழுப்பி, தன் மன்னன் பெயரால் அதற்குப் பராக்கிரமபுரம் எனப் பெயரிட்டான். கடல் கடந்து வந்த படைக்கு உணவும் துணைப்படையும் கடல்வழியேதான் வந்தாக வேண்டும். ஆதலின் துறைமுகத்தைக் காக்கும் கோட்டை அவனுக்கு முதற்றேவையாயிற்று. மதுரைக்கு விரைவதினும் கால் ஊன்றி நிற்பதையே அவன் முதலில் நாடினான் என்பது அவன் போர்த்திறனைக் காட்டுகிறது.

பின்னர் நிகழ்ந்த போர்களின் இடங்களை ஒரு படத்தில் குறித்துப் பார்த்தால் ஓர் உண்மை புலனாகும். மானாமதுரை, இளையான்குடிக்கு அருகிலுள்ள நெட்டூர், தொண்டி, பாசிப்பட்டினம், மணமேற்குடி, பொன்னமராவதி ஆகிய ஊர்கள் யாவும் இன்றைய இராமநாதபுரம், சிவகங்கை, புதுக்கோட்டை மாவட்டங்களுள் அடங்குவன. மதுரைக்கும் கடற்கரைக்கும் இடைப்பட்ட வறண்ட நிலப்பகுதி இது. கண்மாய் நீரை நம்பி வாழும் குடிகளின் நாடு. அரியணை மதுரையில் இருந்தது. ஆனால் அதற்கான விலையை இவ்வூர்களே கொடுத்தன.

குலசேகரனுக்குத் தெற்கே திருநெல்வேலிப் பகுதியிலிருந்தும் வடமேற்கே கொங்கு நாட்டிலிருந்தும் உறவினர் படைகள் வந்தன. இலங்காபுரனோ நாட்டுத் தலைவர்களைப் பரிசும் பட்டமும் தந்து தன்பால் ஈர்த்தான். அவர்களுட் சிலர் இன்று ஒருபக்கமும் நாளை மறுபக்கமும் சேர்ந்தனர் என்பதை மகாவம்சமே கூறுகிறது. அவர்களை நாம் எளிதிற் பழித்துவிட இயலாது. இரு படைகள் மாறி மாறி வரும் வழியில் ஊரும் கண்மாயும் களஞ்சியமும் உடையவன், வந்தவனுக்கு வாயில் திறவாது என் செய்வான்?

இலங்காபுரன் வீரபாண்டியனை மலைநாட்டிலிருந்து வரவழைத்தான். குலசேகரன் தோற்றோட, வீரபாண்டியன் மதுரையில் முடிசூடினான். இலங்கையிலிருந்து சகத்விசய தண்டநாயகன் என்பான் துணைப்படையோடு வந்து சேர்ந்தான். இராமேசுவரத்துப் போரிற் சிறைப்பட்ட தமிழர் கடல் கடந்து கொண்டு செல்லப்பட்டனர். அநுராதபுரத்தின் இரத்தினமாலிப் பெருந்தூபியை முன்னாளில் தமிழர் சிதைத்தனர் என்பதால், அதைப் புதுக்கும் பணியில் அக்கைதிகள் ஈடுபடுத்தப்பட்டனர் என்று மகாவம்சம் பெருமிதத்தோடு குறிக்கிறது. சிதைத்தவர் முந்திய தலைமுறைகளைச் சேர்ந்தவர். கல் சுமந்தவர் பிந்திய தலைமுறையினர். அவர்களுள் ஒருவர் பெயரேனும் வரலாற்றில் இல்லை.

தோற்ற குலசேகரன் சோழ மன்னன் இரண்டாம் இராசாதிராசனிடம் அடைக்கலம் புகுந்தான். பாண்டி நாட்டில் இலங்கையின் ஆதிக்கம் நிலைபெறுவதைச் சோழப் பேரரசு விரும்பாதது இயல்பே. திருச்சிற்றம்பலமுடையான் பெருமான் நம்பிப் பல்லவராயர் என்னும் அமைச்சரின் தலைமையில் சோழப்படை புறப்பட்டது. தொண்டி, பாசி, பொன்னமராவதி, மணமேற்குடி ஆகிய இடங்களில் நிகழ்ந்த போரால் சோழ மண்டலத்தாரும் பிற நாட்டாரும் அஞ்சினர் என்பதைச் சோழர் கல்வெட்டே மறையாது கூறுகிறது.

அவ்வச்சம் எவ்வளவு தொலைவு பரவிற்று என்பதற்கு ஆர்ப்பாக்கத்துக் கல்வெட்டு சான்று. எதிரிலிசோழச் சம்புவராயர் என்னும் தலைவர், இலங்கைப் படையினர் இராமேசுவரத்துக் கோயிற் கதவுகளைப் பெயர்த்து, வழிபாட்டைத் தடுத்து, கோயிற் பண்டாரங்களைக் கவர்ந்தனர் எனக் கேட்டு உள்ளம் நடுங்கினார். அப்படை சோழ நாட்டெல்லையை மிதிப்பின் கோயில்களும் நாடும் என்னாகுமோ என்று கவன்று, உமாபதிதேவர் என்னும் ஞானசிவதேவரிடம் சென்று முறையிட்டார். அவரும் 28 நாள் இடைவிடாது பூசை செய்தார். அதன்பின் சோழப்படை வென்ற செய்தி எட்டிற்று. ஆர்ப்பாக்கம் அவருக்குக் காணிக்கையாயிற்று. போர்க்களத்திற்கு நெடுந்தொலைவில், காஞ்சிக்கு அருகே, ஒரு தலைவன் உறக்கமின்றி இருந்த 28 நாட்களின் பதிவு இது.

பல்லவராயர் வென்றார். இலங்காபுரன், சகத்விசயன் முதலிய தண்டநாயகர்களின் தலைகளை மதுரைக் கோட்டை வாயிலில் ஆணியறைந்து வைத்தார். குலசேகரன் மீண்டும் மதுரையில் அமர்ந்தான். இவ்வாறு கல்வெட்டு கூறுகிறது. மகாவம்சமோ இத்தோல்வியைப் பற்றி ஒரு சொல்லும் சொல்லவில்லை. இலங்காபுரனின் வெற்றிகளோடு அது தன் கதையை முடித்துக்கொள்கிறது.

ஒரே போருக்கு இரண்டு வெற்றி வரலாறுகள்! இவற்றுள் எதனை ஏற்பது என வினவுவோர் உளர். ஒன்று தொடக்கத்தையும் மற்றொன்று முடிவையும் விரித்துரைக்கின்றன எனக் கொண்டு ஆராய்ச்சியாளர் இரண்டையும் இணைத்தே வரலாற்றை அமைத்துள்ளனர். நாம் இங்குக் கருத வேண்டியது வேறொன்று. வெற்றி யாருடையது என்பதில் அவ்விரு சான்றுகளும் மாறுபடுகின்றன. ஊர்களின் பெயரில் ஒன்றுபடுகின்றன. தொண்டியும் பாசியும் பொன்னமராவதியும் இரண்டிலும் வருகின்றன. பகைவர் இருவர் ஒருங்கே சொல்லும் செய்தியைவிட உறுதியான செய்தி வேறில்லை. இப்போரில் நாம் ஐயமின்றி அறிவது, அவ்வூர்களின் மேல் படைகள் நடந்தன என்பதே.

போர் அதனோடு முடிந்ததா எனின், இல்லை. பராக்கிரமபாகு ஊராத்துறை, மாதோட்டம் முதலிய துறைகளில் மீண்டும் கப்பல்களைத் திரட்டினான். சோழரோ அவனுடைய மருமகனும் அவனுக்குப் பகைவனுமாகிய சீவல்லபனை ஏவி அத்துறைகளைத் தாக்கச் செய்தனர். அயல்நாட்டுத் தாயத்தகராறு ஒன்றில் தலையிட்ட இலங்கை வேந்தனுக்கு அவன் வீட்டுத் தாயத்தகராறே மறுமொழியாயிற்று! படைவலியாற் பெறமுடியாததைச் சூழ்ச்சியாற் பெறக் கருதிய பராக்கிரமபாகு, பின்னர்க் குலசேகரனையே தன் நண்பனாக்கிக்கொண்டான். குலசேகரன் சோழர் செய்த உதவியை மறந்து, மதுரை வாயிலில் இருந்த தண்டநாயகர்களின் தலைகளை அகற்றுவித்தான். உடனே சோழர், நேற்றுவரை பகைவனாயிருந்த வீரபாண்டியனைத் தம் பக்கம் சேர்த்துக்கொண்டு, அண்ணன் பல்லவராயனை அனுப்பிக் குலசேகரனை வெளியேற்றினர். இராசாதிராசனின் 12-ஆம் ஆட்சியாண்டுத் திருவாலங்காட்டுக் கல்வெட்டு இதனை விரிவாகக் கூறும்.

1178-இல் பட்டமேறிய மூன்றாம் குலோத்துங்கன் காலத்தில் ஆட்கள் மீண்டும் இடம் மாறினர். வீரபாண்டியன் இலங்கையின் பக்கம் சாய்ந்தான். சோழன் விக்கிரம பாண்டியன் என்பானை ஆதரித்து மதுரையைக் கொண்டான். வீரபாண்டியன் இழந்ததை மீட்க முயன்றபோது நெட்டூரில் பெரும்போர் நிகழ்ந்தது. முன்பு இலங்காபுரன் படை புகுந்த அதே நெட்டூர்தான். மீண்டும் தோற்ற வீரபாண்டியன் மேற்கு நோக்கியே ஓடினான். இளமையில் அவனைக் காத்த மலைநாடு இறுதியிலும் அவனுக்குப் புகலிடம் தந்தது. பின்னர்ச் சேரனோடு வந்து சோழனைப் பணிந்தான்.

குலோத்துங்கன் மூன்றாம் முறையும் படையெடுத்தான். அப்போது மதுரையில் இருந்தவன் 1190-இல் பட்டமேறிய சடையவர்மன் குலசேகரன். சோழன் பாண்டியரின் முடிசூட்டு மண்டபத்தை இடித்து, அந்நிலத்தைக் கழுதை பூட்டி உழுவித்துக் கவடி விதைக்கச் செய்தான். இவ்விழிவைப் பாண்டியர் மறக்கவில்லை. 1216-இல் பட்டமேறிய மாறவர்மன் சுந்தர பாண்டியன் சோழ நாட்டிற் புகுந்து தஞ்சையையும் உறந்தையையும் எரியூட்டினான். பட்டினப்பாலையைப் பாடிய கண்ணனாருக்குச் சோழன் பரிசாக அளித்த பதினாறுகால் மண்டபம் ஒன்றை மட்டும் அவன் இடியாது விட்டான் எனத் திருவெள்ளறைக் கல்வெட்டுப் பாடல் கூறுகிறது. பிறர் வீட்டுச் சண்டையில் யார் பக்கம் நிற்பதென அரை நூற்றாண்டு முடிவு செய்துவந்த சோழ அரசு, 1279-இல் மூன்றாம் இராசேந்திரனோடு மறைந்தது.

பாண்டியரேனும் இதிலிருந்து பாடம் கற்றனரா? 1310-இல் மாறவர்மன் குலசேகரன் தன் மகன் சுந்தர பாண்டியனாற் கொலையுண்டான். சுந்தரனும் அவன் உடன்பிறந்த வீரபாண்டியனும் போரிட்டுக்கொண்டிருக்கையில், 1311-இல் தில்லிப் படைத்தலைவன் மாலிக்காபூர் தெற்கே வந்தான். அதன்பின் மதுரை பழைய மதுரையாக இருக்கவில்லை.

மலைநாட்டில் இன்றும் இவ்வரலாற்றின் எதிரொலி உண்டு. மீனச்சிலாற்றின் தலைப்பகுதியிலுள்ள பூஞ்சாற்று அரச குடும்பத்தார், தம் முன்னோன் மானவிக்கிரமன் மதுரைப் பாண்டியர் மரபினன் என்றும், நாட்டை விட்டு மலைகடந்து வந்தவன் என்றும் கூறுவர். இது குலமரபுச் செய்தி; கல்வெட்டுச் செய்தி அன்று. எனினும் மேற்கே ஓடிய பாண்டிய இளவரசன் கற்பனையல்லன் என்பதை வீரபாண்டியன் வரலாறு காட்டுகிறது. அப்பூஞ்சாற்று அரசரே 1877-இல் மூணாற்றைச் சூழ்ந்த கண்ணன் தேவன் மலைகளை மன்றோ என்னும் ஆங்கிலேயருக்குக் குத்தகையாக அளித்தவர். அதன்பின் அம்மலைகளில் தோட்டங்கள் எழுந்தன. பாண்டி நாட்டுச் சிற்றூர்களிலிருந்து உழைப்பாளர் குடும்பம் குடும்பமாக மலையேறினர். சூரியநெல்லியிலும் அதன் அண்டைத் தோட்டங்களிலும் இன்று தமிழ் ஒலிப்பது அவ்வுழைப்பாளரின் வழித்தோன்றல்களால்தான்.

பிற மாநிலங்களில் வாழும் நாம், நம் பிள்ளைகளுக்கு மூவேந்தர் பெருமையை எடுத்துரைக்கிறோம், அது வேண்டுவதே. புலிக்கொடியும் மீன்கொடியும் பறந்த களங்களைச் சொல்லும்போது, அக்களங்கள் ஒவ்வொன்றும் ஓர் ஊர் என்பதையும் சேர்த்தே சொல்வோமாக. மகாவம்சத்தை ஒரு கையிலும் கல்வெட்டுத் தொகுதியை மறுகையிலும் வைத்துப் படிக்கும் பழக்கம் அவர்களுக்கு வாய்க்குமாயின், வென்றவன் பெயரோடு நெட்டூரின் பெயரையும் அவர்கள் நினைவில் வைப்பர்.