உயிரின் விலையும் ஒரு சிட்டையும்

மார்த்தாண்டத்திலிருந்து சிறிது தொலைவிலுள்ள சிதறால் என்னும் ஊரை, அதன் மலைமீதுள்ள சமணச் சிற்பங்களால் பலரும் அறிவர். ஆய் மன்னன் விக்கிரமாதித்த வரகுணன் காலத்துக் கல்வெட்டு அங்கே இருக்கிறது. மலையைப் பார்க்க வருவோர் அதன் அடிவாரத்து ரப்பர்த் தோட்டங்களைக் கவனிப்பதில்லை. நான் இங்குச் சொல்லவிருப்பது, அத்தோட்டங்களில் பால்வெட்டுத் தொழில் செய்த ஒருவர் இறந்தபின் அவர் குடும்பத்திற்கு நேர்ந்த வழக்கைப் பற்றியது. அதைச் சொல்வதற்கு முன், அவ்வழக்கு எவ்வளவு நெடிய பாதையில் நடந்து வந்தது என்பதைச் சொல்லியாக வேண்டும்.

தேர்க்காலில் கன்று மாண்ட கதையை நாம் குழந்தைப் பருவம் முதற்கொண்டு கேட்டிருக்கிறோம். உயிருக்கு உயிர் என்பது மனுநீதிச் சோழன் கண்ட முடிவு. பசுவின் மனம் ஆறியிருக்கலாம். ஆனால் சோழர் காலத்து ஊர்ச்சபைகள் அவ்வளவு கடுமை காட்டவில்லை. வேட்டையில் எய்த அம்பு தவறி மனிதன்மேல் பட்டு அவன் இறந்தால், எய்தவன் கோயிலில் நந்தாவிளக்கு எரிக்க ஆடுகள் கொடுக்கவேண்டும் என்று தீர்ப்பளித்த கல்வெட்டுகள் உண்டு. ஒரு விளக்குக்குத் தொண்ணூற்றாறு ஆடுகள் என்பது பெருவழக்கு. விளக்கு எரிந்தது, இறந்தவன் வீட்டு அடுப்பு எரிந்ததா என்பதை அக்கல்வெட்டுகள் சொல்வதில்லை. போரில் மாண்டவன் குடும்பத்திற்கு மட்டும் உதிரப்பட்டி என்று நிலம் விடுவதுண்டு.

ஆங்கில நாட்டிலும் நிலைமை இதைவிட மேலானதன்று. உயிரைக் கொன்ற பொருளை, அது வண்டியானாலும் எந்திரமானாலும், அரசுக்குரியதாக்கும் பழைய விதியொன்று அங்கே 1846 வரை இருந்தது. 1808-இல் நடந்த வழக்கொன்று இன்னும் வியப்பானது. கோச்சுவண்டி கவிழ்ந்து கணவனும் மனைவியும் காயமுற்றனர். மனைவி ஒரு மாதத்தில் இறந்தாள். அந்த ஒரு மாத இழப்புக்குத்தான் கணவன் ஈடு கேட்கலாம், இறந்தபின் ஏற்படும் இழப்புக்குக் கேட்க முடியாது என்று எல்லன்பரோ பிரபு கூறினார். ஒருவனைக் காயப்படுத்தினால் பணம் கொடுக்கவேண்டும், கொன்றுவிட்டால் வேண்டியதில்லை! புகைவண்டிகள் பெருகி மரணங்களும் பெருகிய பின்னர், 1846-இல் காம்பெல் பிரபு கொண்டுவந்த சட்டம் இக்கொடுமையை நீக்கியது. நம் நாட்டில் முதல் பிரயாணிப் புகைவண்டி ஓடியது 1853-இல். இரண்டே ஆண்டுகளில், 1855-இல், அதே சட்டம் இங்கும் வந்தது. மனைவி, கணவன், பெற்றோர், பிள்ளைகள் ஆகியோருக்கே அதில் உரிமை, உடன்பிறந்தாருக்கு இல்லை.

சட்டம் வந்தது, வழி வரவில்லை. சிவில் கோர்ட்டில் முத்திரைக் கட்டணம் கட்டி வழக்காட ஏழைக்கு எங்கே முடியும்? 1947 செப்டம்பரில் தமிழ்நாட்டுச் சாலையொன்றில் நேர்ந்த பஸ் விபத்தைப் பற்றிய கோபால்டு மோட்டார் சர்வீஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்புக் கூறியது 1961-இல். பதினான்கு ஆண்டுகள்! இதற்கிடையே 1946 ஜூலை முதல் வண்டிகளுக்கு மூன்றாம் தரப்புக் காப்பீடு கட்டாயமாயிற்று. சிதறால் திருவிதாங்கூர்ப் பகுதியிலிருந்து சென்னை மாநிலத்தோடு இணைந்த அதே 1956-ஆம் ஆண்டில், விபத்து வழக்குகளுக்கெனத் தனித் தீர்ப்பாயங்கள் அமைக்க மோட்டார் வாகனச் சட்டம் திருத்தப்பட்டது.

பின்னர் வந்த தீர்ப்புகளில் எனக்கு மிகவும் பிடித்தது என்.கே.வி. பிரதர்ஸ் வழக்கு. இரவில் சென்ற பஸ், தாழத் தொங்கிய உயரழுத்த மின்கம்பியில் மோதியது. எட்டுப் பேர் அங்கேயே இறந்தனர். குற்ற வழக்கில் டிரைவர் விடுதலையானார். அதனால் ஈடும் இல்லை என்று முதலாளி வாதாடினார். நீதிபதி கிருஷ்ணய்யர் 1980-இல் அவ்வாதத்தை ஏற்கவில்லை. இன்றும் கிராமங்களில், டிரைவர் விடுதலையாகிவிட்டார், இனி ஒன்றும் கிடைக்காது என்று மனுவே போடாமல் இருந்துவிடும் குடும்பங்கள் உண்டு.

இனிப் பால்வெட்டுக்காரர் வழக்கு. நான் குழித்துறையில் வக்கீல் குமாஸ்தாவாக இருந்தவன். வைகறையில் தலைவிளக்குக் கட்டிக்கொண்டு சைக்கிளில் தோட்டத்திற்குப் போனவரை ஒரு லாரி மோதியது. வயது 38. மனைவி, இரு பிள்ளைகள், தாயார். சம்பளச் சீட்டு என்ற ஒன்றை அவர் கண்டதேயில்லை. மாத வருமானம் 8,000 என்று வைத்தால் போதும் என்றது காப்பீட்டுத் தரப்பு.

அப்போது அந்த அம்மாள் ஒரு சிட்டையைக் கொண்டுவந்தார். அன்றன்று வெட்டிய மரங்களும் கூலியும் அதில் அவர் கையாலேயே எழுதப்பட்டு, தோட்ட உரிமையாளரின் ஒப்பமும் இருந்தது. வெட்டு நடந்த பத்து மாதங்களில் மாதம் 14,400. மழை மாதங்கள் இரண்டில் ஏடு வெறுமை. அந்த வெறும் ஏடுகளைக் காட்டியே எதிர்த்தரப்பு வாதாடியது. நீதிபதி ஆண்டு முழுவதற்கும் சராசரி பார்த்து 12,000 என்று கொண்டார்.

கணக்கைக் கேளுங்கள். 2017-ஆம் ஆண்டுப் பிரணய் சேத்தி தீர்ப்பின்படி, நாற்பது வயதுக்குட்பட்ட சுயதொழிலாளிக்கு வருங்கால வளர்ச்சிக்காக நூற்றுக்கு நாற்பது சேர்க்கவேண்டும்: 16,800. சார்ந்திருப்போர் நால்வராதலின் சொந்தச் செலவுக்குக் கால்பங்கு கழியும்: 12,600. ஆண்டுக்கு 1,51,200. சரளா வர்மா தீர்ப்பின் அட்டவணையில் 38 வயதுக்குப் பெருக்கு எண் 15. ஆகவே 22,68,000 ரூபாய். மெய்ப்பிக்கப்பட்ட மாத வருமானத்தில் ஒவ்வோர் ஆயிரமும் இக்குடும்பத்திற்கு 1,89,000 ரூபாய். எட்டாயிரத்துக்கும் பன்னிரண்டாயிரத்துக்கும் இடையே நின்றது ஏழரை லட்சத்துக்கும் மேலான தொகை. அதைத் தாங்கி நின்றது பால்கறை படிந்த அச்சிட்டை.

காலக்கெடுவையும் சொல்லிவிடுகிறேன். 1988 சட்டத்தில் மனுவுக்கு ஆறுமாதக் கெடு இருந்தது. 1994-இல் அது நீக்கப்பட்டது. 2019 திருத்தம் அதை மீண்டும் கொண்டுவந்து, 2022 ஏப்ரல் முதல் நடைமுறைப்படுத்தியது. அவ்விதியை எதிர்த்து வழக்குகளும் எழுந்துள்ளன. ஆயினும் பதினாறாம் நாள் காரியம் முடிந்ததும் மனுவை எழுதிவிடுவதே நலம்.

தீர்ப்பு வந்த அன்று அந்த அம்மாள் தொகையைப் பற்றி ஏதும் கேட்கவில்லை. "அண்ணாச்சி, அந்தச் சிட்டை திரும்பக் கிடைக்குமா? அவர் கையெழுத்து அதில்தான் இருக்கிறது" என்றார். மேல்முறையீட்டுக் காலம் முடிந்தபின் கிடைக்கும் என்று சொல்லி, ஆவணத்தைத் திரும்பப் பெறும் மனுவில் அன்றே அவரிடம் கையொப்பம் வாங்கி வைத்துக்கொண்டேன்.