செஞ்சியில் தப்பிய நயினார்

செஞ்சிக்குப் போகிறவர்கள் கோட்டையைப் பார்த்துவிட்டுத் திரும்பிவிடுகிறார்கள். தப்பில்லை. ராஜா தேசிங்கு கதை ஒன்று போதாதா! போதாக்குறைக்கு 2025-ல் யுனெஸ்கோ பட்டியலிலும் இடம் பிடித்துவிட்டது. ஆனாலும் அரை நாள் மிச்சமிருந்தால் தேசூர் பக்கம் வண்டியைத் திருப்பச் சொல்லுங்கள். சீயமங்கலம் என்று ஒரு சிற்றூர்.

அங்கே மகேந்திரவர்மப் பல்லவன் குடைந்த சிவன் கோயில் இருக்கிறது. அவனி பாஜன பல்லவேஸ்வரம் என்பது அவன் வைத்த பெயர். ஊர்க்காரர்களுக்குத் தூணாண்டார் கோயில். தூணின் மேல்பகுதியில் சிறியதாக ஒரு சிவன் ஆடுகிறார். சோழர்களின் செப்புத் திருமேனி நடராஜருக்கு முந்நூறு வருஷம் மூத்தவர்!

பள்ளிக்கூடத்தில் நாம் படித்தது என்ன? மகேந்திரன் முதலில் சமணன், அப்பரால் சைவனானான், அதோடு தமிழ்நாட்டில் சமணம் படுத்துவிட்டது. சரி, அப்படியே அதே ஊரில் இருக்கும் இன்னொரு பாறைக்கு வாருங்கள். பார்சுவநாதரும் கொடி சுற்றிய பாகுபலியும் நிற்கிறார்கள். கங்க மன்னன் இராசமல்லன் இங்கே இரண்டு ஜினாலயங்கள் எடுத்ததாகக் கல்வெட்டு சொல்கிறது. சக ஆண்டு 815, அதாவது கி.பி. 893. மகேந்திரன் போய் இருநூற்றறுபது வருஷம் கழித்து! படுத்துவிட்டதாம்... யார் சொன்னது?

பெரிய கண்டம் அதற்கும் பிறகுதான் வந்தது, அதுவும் செஞ்சியிலிருந்து. தமிழ்ச் சமணர்களிடம் வழங்கும் கதை இது. பழைய தென்னாற்காடு கெஜட்டியரிலும் ஏறியிருக்கிறது. செஞ்சியை ஆண்ட ஒரு நாயக்கன், ஒவ்வொரு சாதியிலும் ஒரு பெண் வேண்டும் என்றானாம். சமணர்கள் தலையாட்டிவிட்டு, குறித்த நாளில் வீட்டைக் காலி செய்துவிட்டார்கள். மாப்பிள்ளைக் கோலத்தில் வந்தவன் பார்த்தது, கட்டிப்போட்டிருந்த ஒரு பெட்டை நாயை! சும்மா இருப்பானா? சமணர் தலைகள் உருண்டன. பலர் திருநீறு பூசிக்கொண்டு உள்ளுக்குள் மட்டும் சமணராக இருந்தார்கள்.

ஒருநாள் குளக்கரையில் சமண முறைப்படி சந்தி செய்த ஒருவர் மாட்டிக்கொண்டார். அன்று பார்த்து நாயக்கனுக்குப் பிள்ளை பிறந்திருந்தது. 'போய்த் தொலை' என்று விட்டுவிட்டான். தப்பியவர் சிரவணபெளகொளா போய்ப் படித்து, துறவியாகி வீரசேனர் ஆனார். தாயனூர் காங்கேய உடையார் அவரைத் திரும்ப அழைத்துவர, திருநீறு பூசியவர்கள் மறுபடி பூணூல் போட்டுக்கொண்டார்கள்.

இதில் எவ்வளவு நிஜம் என்று சரித்திரக்காரர்கள் உதடு பிதுக்கலாம். ஆனால், செஞ்சி பக்கத்து மேல்சித்தாமூரில் தமிழ்ச் சமணர்களின் மடம் இன்றும் இருக்கிறது. சுற்றுவட்டார ஊர்களில் நயினார்கள் பொழுது சாய்வதற்குள் சாப்பாட்டை முடித்துக்கொள்கிறார்கள். இவர்களை வடக்கிலிருந்து வந்த சேட்டுகள் என்று நினைத்துவிடாதீர்கள், நம் மண்ணின் விவசாயிகள்! இவர்கள் வீட்டு விசேஷங்களில் முதல் வெற்றிலை பாக்கு தாயனூர் உடையார் குடும்பத்துக்குத்தான் என்று நூறு வருஷம் முந்தைய பதிவு சொல்கிறது.

அழைத்து வந்தவராயிற்றே!