துணைப் பாத்திரமும் தேயிலைத் தோட்டமும்

தலவாக்கலையை விட்டு நானுஓயாவை நோக்கி ஏறும் புகையிரதம் வட்டகொடையில் தரித்துச் செல்கிறது. இரு மருங்கும் தேயிலை. தேயிலைக்கு நடுவே லயங்கள். திருச்சி, மதுரை, திருநெல்வேலி, சேலம் முதலிய சீமைகளிலிருந்து வந்தோரின் சந்ததியார் வாழும் இம்மலைநாடு, தமிழ்ப் பேசும்படம் தோன்றிய ஐந்தே ஆண்டுகளில் அதன் கதைக்குள் புகுந்துவிட்டது என்பதைப் பலர் அறியார்.

அப்படம் 1936ஆம் ஆண்டில் வெளிவந்த ‘சதிலீலாவதி’. கதை எஸ். எஸ். வாசன் எழுதியது, இயக்கியவர் எல்லிஸ் ஆர். டங்கன் என்னும் அமெரிக்கர். குடியினால் நிலைகுலைந்த செல்வன் ஒருவன், தன் நண்பனைக் கொன்றுவிட்டதாக எண்ணி அஞ்சி ஓடி, இலங்கைத் தேயிலைத் தோட்டமொன்றிலே கூலியாளாகிறான். சில காலம் உழைத்தபின் அவனுக்கு நல்ல காலம் பிறக்கிறது. நம் தோட்டங்களில் உழைத்த இலட்சக்கணக்கானோருக்கு அத்தகைய கதாசிரியர் வாய்க்கவில்லை என்பது வேறு விடயம்.

செல்வனாக நடித்தவர் எம். கே. ராதா. அவனைக் குடிக்குப் பழக்கிக் கெடுக்கும் வஞ்சக நண்பனாகத் தோன்றியவர், 1914இல் திருநெல்வேலிச் சீமையின் சுண்டங்கோட்டையில் பிறந்த டி. எஸ். பாலையா. அதே படத்தில் பொலிஸ் அதிகாரியாகச் சிறு வேடமேற்றவர், இம்மலைநாட்டிலே பிறந்த எம். ஜி. இராமச்சந்திரன். இருவருக்கும் அதுவே முதற்படம். சிறு வேடக்காரர் பின்னர் கதாநாயகராகி, 1977இல் தமிழ்நாட்டின் முதலமைச்சருமானார். பாலையாவோ தம் வாழ்நாளின் பெரும்பகுதியைப் பிறர் கதைகளுக்குத் தோள் கொடுப்பதிலேயே கழித்தார். ‘வேலைக்காரி’யில் (1949) நாயகனின் தோழன், ‘தூக்குத் தூக்கி’யில் (1954) வடநாட்டு சேட்டு.

தேயிலைக்கும் அவருக்கும் இருந்த தொடர்பு ஒருவகையில் நீடித்தது எனலாம். ஸ்ரீதர் இயக்கிய ‘காதலிக்க நேரமில்லை’யில் (1964) அவர் சின்னமலைத் தோட்டத்தின் முதலாளி விசுவநாதன். வேலையிழந்த இளைஞன் ஒருவன் பங்களாவின் எதிரே கூடாரமடித்து முழக்கமிடுகிறான். உள்ளே அந்தப் பணக்காரர் கொதிக்கிறார், பதறுகிறார், ஒன்றும் செய்ய இயலாமல் விழிக்கிறார். பங்களாத் துரையின் முகத்தை நிமிர்ந்து நோக்கவும் அஞ்சி வாழ்ந்த தலைமுறையினருக்கு, இக்காட்சியின் நகைச்சுவை மற்றவர்க்குப் பட்டதைவிடச் சற்று ஆழமாகவே பட்டிருக்க வேண்டும்.

அப்படத்தில் பெரிதும் புகழ்பெற்றது வேறொரு காட்சி. படமெடுக்கத் துடிக்கும் மகன் செல்லப்பா, தந்தைக்கு ஒரு திகிற்கதை சொல்கிறான். கதை முழுவதையும் சொல்பவர் நாகேஷ். பாலையா கேட்கிறார், அவ்வளவே. ஆனால் நமக்கு அச்சம் விளைவது அவருடைய கண்களைக் கண்டுதான். அவர் வெறுமனே அமர்ந்திருந்தால் நாகேஷின் சேட்டைகள் பாதியளவே சிரிப்பூட்டியிருக்கும். பிறர் பேசும்போது நடிப்பதே துணை நடிகனின் கடினமான வேலை. வசனத்தை மனனம் செய்யலாம். கேட்பதை எங்ஙனம் மனனம் செய்வது?

அடுத்த ஆண்டு வெளிவந்த ‘திருவிளையாடல்’ இதற்குப் பின்னும் சிறந்த சான்று. பாண்டியன் அவையில் செருக்கோடு பாடும் ஹேமநாத பாகவதருக்குக் குரல் கொடுத்தவர் பாலமுரளிகிருஷ்ணா. அத்தகைய சங்கீதத்திற்கு உதடசைப்பதோடு, அதன் கர்வத்தையும் தோள்களிலும் தலையசைப்பிலும் காட்டினார் பாலையா. பின்பு இரவு வருகிறது. விறகு விற்பவனாக வந்த சிவபெருமான் திண்ணையிலிருந்து பாடுகிறார். பாகவதர் கேட்கிறார். முதலில் அலட்சியம், பின் வியப்பு, பாடியவன் பாணபத்திரருடைய சீடனாகத் தகுதியற்றவனென்று தள்ளப்பட்டவனாம் என அறிந்ததும் கலக்கம். சிவாஜி கணேசன் பாட்டிலே வென்றார் என்று நாம் ஒப்புவது, தோற்றவரின் முகத்தைப் பார்த்தபின்னரே.

‘தில்லானா மோகனாம்பாள்’ (1968) படத்தில் அவருக்கு வாய்த்தது தவில் வித்துவான் முத்துராக்கு வேடம். நாகசுரக் கதாநாயகனுக்குப் பக்கத்தில் அமர்ந்து வாசிக்கும் அந்த வேடம், அவருடைய தொழிலையே ஒரு பாத்திரமாக்கியது போன்றது.

1972ஆம் ஆண்டு ஜூலை மாதம் பாலையா காலமானார். சென்னையில் தொலைக்காட்சி நிலையம் தொடங்கியது 1975இல். இலங்கையில் ரூபவாஹினி 1982இல். தாம் காணாத அச்சிறு திரையில், சிவராத்திரி போன்ற நாட்களில் அவர் இன்றும் மதுரையிலே வந்து பாடுகிறார். திண்ணைப் பாட்டைக் கேட்டபின், விடியுமுன்னே, எவரிடமும் சொல்லிக்கொள்ளாமல் ஊரைவிட்டுப் போய்விடுகிறார்.