கணீரென்று படித்த குழந்தைகள்

ஒரு குழந்தை புத்தகத்தைக் கையில் எடுத்துத் தடங்கல் இல்லாமல் ஒரு பக்கத்தை மடமடவென்று படித்து முடித்துவிட்டால், பெற்றவர்களுக்கு உண்டாகிற பூரிப்பு கொஞ்சநஞ்சமல்ல. "எப்படிப் படிக்கிறான், பார்த்தீர்களா!" என்று வீட்டுக்கு வந்தவர்களிடமெல்லாம் சொல்லி மகிழ்கிறார்கள். படித்தது அவனுக்குப் புரிந்ததா என்று மட்டும் ஒருவரும் கேட்பதில்லை. கணீரென்று படிக்கிறவனுக்குப் புரியாமலா போகும் என்பது நம்முடைய எண்ணம்.

இந்த எண்ணம் முழுப் பொய்யல்ல. முழு மெய்யும் அல்ல. இதை நம்பி ஒரு சர்க்கார் சுமார் 30 வருஷ காலம் பணம் கொடுத்துப் பார்த்தது. அதனால் என்ன விளைந்தது என்பது, பிள்ளைகளைப் பள்ளிக்கு அனுப்புகிற எல்லோரும் தெரிந்துகொள்ள வேண்டிய சரித்திரம்.

பத்தொன்பதாம் நூற்றாண்டின் நடுவில் இங்கிலாந்தில் ஏழைக் குழந்தைகள் படித்த பள்ளிகளுக்குச் சர்க்கார் மான்யம் அளித்து வந்தது. மான்யத் தொகை ஆண்டுதோறும் ஏறியது. அதற்கேற்ற பலன் கிடைக்கிறதா என்ற கேள்வியும் எழுந்தது. 1858-இல் நியமிக்கப்பட்ட நியூகாஸில் கமிஷன் 1861-இல் தன் அறிக்கையைக் கொடுத்தது. பெரும்பாலான பிள்ளைகள் சாதாரணப் படிப்பைக்கூடச் சரியாகக் கற்றுக்கொள்ளாமலே பள்ளியை விட்டுப் போகிறார்கள் என்பது அதன் முறையீடு.

கல்விப் பொறுப்பை அப்போது வகித்தவர் ராபர்ட் லோ. கணக்குப் பார்க்கிற மனிதர். 'இந்தப் படிப்பு மலிவாக இராவிட்டால் திறமையாக இருக்கும். திறமையாக இராவிட்டால் மலிவாகவாவது இருக்கும்' என்ற கருத்தில் அவர் பார்லிமெண்டில் பேசியது பிரசித்தம். 1862-இல் அவர் கொண்டுவந்த திருத்திய விதிகளின்படி, ஆஜர் கணக்குக்காகத் தலைக்கு 4 ஷில்லிங். இதைத் தவிர, போதுமான நாட்கள் பள்ளிக்கு வந்த ஒவ்வொரு பிள்ளைக்கும் 8 ஷில்லிங். ஆனால் அந்த 8 ஷில்லிங்கும் இன்ஸ்பெக்டரின் பரீட்சையைப் பொறுத்தது. படிப்பு, எழுத்து, கணக்கு என்ற மூன்றில் எதில் தவறினாலும், ஒன்றுக்கு 2 ஷில்லிங் 8 பென்ஸ் வெட்டு. பல பள்ளிகளில் உபாத்தியாயரின் சம்பளமும் இந்த மான்யத்தை நம்பியே இருந்தது. ஒரு சிறுவன் வாய் திறந்து படிக்கும்போது, அவருடைய வீட்டு அடுப்பும் அவன் நாக்கு நுனியில் இருந்தது என்றே சொல்லலாம்.

பரீட்சையில் ஆறு நிலைகள். முதல் நிலையில் ஓரசைச் சொற்களால் ஆன சிறு கதை. ஆறாம் நிலையில் செய்தித்தாளில் வருவதுபோன்ற ஒரு பாரா. இடையிலுள்ள நான்கு நிலைகளுக்கும், அந்தப் பள்ளியில் வழங்கும் வாசகப் புத்தகத்திலிருந்தே ஒரு பகுதியைப் படித்தால் போதும். வந்தது வினை.

மாத்யூ ஆர்னால்டைக் கவிஞர் என்று நம்மில் பலருக்குத் தெரியும். அவர் வயிற்றுப்பாட்டுக்குப் பள்ளி இன்ஸ்பெக்டராக இருந்தவர் என்பது அவ்வளவாகத் தெரியாது. 1851 முதல் 1886 வரை ஊர் ஊராகச் சுற்றி, குழந்தைகள் படிப்பதைக் கேட்பதே அவர் உத்தியோகம். புதிய விதிகள் வருவதற்கு முன்பே, 1862-இல், ஒரு பத்திரிகையில் தம் பெயரைப் போடாமல் அவற்றை எதிர்த்து எழுதினார். தாம் சம்பளம் வாங்கும் இலாகாவையே எதிர்த்து எழுதுவதற்கு நெஞ்சுரம் வேண்டும்.

பிறகு அவர் அனுப்பிய ஆண்டறிக்கைகளில், தாம் கண்டதை ஒளிக்காமல் எழுதினார். உபாத்தியாயர்கள் செய்த காரியம் எளிமையானது. வருஷத் தொடக்கத்தில் மெல்லிய புத்தகம் ஒன்றைத் தேர்ந்தெடுப்பார்கள். வருஷம் முழுவதும் அதையே திரும்பத் திரும்பப் படிக்கவைப்பார்கள். பரீட்சை நாளில் பிள்ளைகளுக்கு அது தலைகீழ்ப் பாடம். இன்ஸ்பெக்டர் எந்தப் பக்கத்தைத் திருப்பினாலும் கணீரென்று வரும். வேறொரு புத்தகத்தைக் கொடுத்தாலோ நாலு வரி நகராது. உண்மையில் படிக்கத் தெரியாமலே, படிப்பில் தேறியவர்கள் என்று குழந்தைகளைத் தயார் செய்துவிட முடிகிறது என்று ஆர்னால்ட் முறையிட்டார்.

நஷ்டம் யாருக்கு? சர்க்காருக்குச் சில ஷில்லிங்குகள். அந்தப் பிள்ளைக்கோ, வாழ்நாளில் கிடைத்த ஒரே பள்ளிக்கூடம். அதை விட்டால் ஆலைக்கும் வயலுக்கும் போகவேண்டியவன் அவன். கெட்டிக்காரப் பையனும் அந்த ஒரே புத்தகத்தில் கட்டுண்டு கிடந்தான். மந்தமான பையனும் அதிலேயே அடிபட்டான். பள்ளி கொடுக்க வேண்டியது எழுத்துக் கூட்டும் வித்தையை மட்டுமல்ல, அறிவு விரிவதற்கு வேண்டியதையெல்லாம் என்று ஆர்னால்ட் வாதாடியது இவர்களுக்காகத்தான். 1890-களில் இம்முறை படிப்படியாகக் கைவிடப்பட்டது. அதைக் கண்டுகொள்ள அவர் இல்லை, 1888-இலேயே காலமாகிவிட்டார்.

நம் நாட்டையும் இது விடவில்லை. சென்னை மாகாணத்திலும் பரீட்சைப் பலனுக்கு ஏற்ற மான்யம் என்ற முறை பல வருஷங்கள் நடந்தது. கர்ஸன் பிரபு காலத்தில், 1904-இல் வெளியான கல்வித் தீர்மானம்தான் இதைக் கைவிடச் சொன்னது.

அப்படியானால் வாய்விட்டுப் படிப்பதைக் கேட்பதே வீண் வேலையா? அப்படிச் சொல்வதும் தவறு. 1915-இல் அமெரிக்காவில் வில்லியம் கிரே என்பவர், எளிதிலிருந்து கடினத்துக்கு ஏறும் சில பாராக்களை அமைத்து, படிக்க ஆகும் நேரத்தையும் செய்யும் பிழைகளையும் குறிக்க ஒரு முறை வகுத்தார். இரண்டு வருஷம் கழித்துத் தார்ண்டைக் என்ற மனோதத்துவ அறிஞர் மறுபக்கத்தைக் காட்டினார். ஒரு பாராவைக் கண் முன்னாலேயே வைத்துக்கொண்டு கேள்விகளுக்குப் பதில் எழுதச் சொன்னார். இந்தப் பாரா எதைப் பற்றியது என்று கேட்டதற்குச் சிலர், பாரா என்றால் சில வாக்கியங்கள் சேர்ந்தது என்று எழுதினார்கள்! படிப்பது என்பது யோசிப்பதுதான் என்று அவர் முடிவு கட்டினார்.

இரண்டையும் இணைத்துக் காட்டியவர்கள் மின்னஸோட்டா சர்வகலாசாலையைச் சேர்ந்த லபெர்ஜும் சாமுவெல்ஸும், வருஷம் 1974. அவர்கள் கருத்தை நம் தெருவிலேயே பார்க்கலாம். சைக்கிள் பழகுகிறவனுக்குக் கைப்பிடியிலும் மிதிகட்டையிலும்தான் கவனம். எதிரே யார் வருகிறார் என்றுகூடத் தெரியாது. பழகிய பிறகோ பாட்டுப் பாடிக்கொண்டே போகிறான். எழுத்துக் கூட்டுவதிலேயே மனத்தின் பலமெல்லாம் செலவாகிற பிள்ளைக்கு, வாக்கியத்தின் முடிவுக்கு வருவதற்குள் ஆரம்பம் மறந்துபோகும். சரளம் வந்தால் மனத்துக்கு ஓய்வு கிடைக்கிறது. அந்த ஓய்வில்தான் பொருள் நுழைகிறது. நுழைய இடம் உண்டாகிறதே தவிர, நுழைந்தே தீரும் என்பதில்லை.

தமிழ்ப் பிள்ளைகள் விஷயத்தில் இன்னும் ஜாக்கிரதை வேண்டும். ஆங்கிலத்தில் எழுத்து ஒன்று, ஒலி வேறு. தெரியாத சொல்லில் பிள்ளை தடுமாறுவான், குட்டு வெளிப்பட்டுவிடும். தமிழில் எழுத்துக்களை நன்றாகக் கற்றவன், அர்த்தம் தெரியாத செய்யுளையும் ஏறக்குறையப் பிழையில்லாமல் படித்துவிடலாம். மேலும், 'வந்துகொண்டிருந்தவர்களுக்காக' என்ற ஒரே சொல்லில் அவர்கள் அரை வாக்கியத்தை அடக்கிவிடுகிறோம். நிமிஷத்துக்கு இத்தனை சொல் என்று எண்ணும்போது இதை மறக்கலாகாது. 2021-இல் தொடங்கிய நிபுண் பாரத் திட்டத்தில், மூன்றாம் வகுப்பு முடிவதற்குள் நிமிஷத்துக்கு 60 சொல் என்று ஓர் இலக்கு வைத்தார்கள். ஆனால் முன்பின் பார்க்காத பகுதியாக இருக்கவேண்டும், பொருள் உணர்ந்து படிக்கவேண்டும் என்றும் கூடவே சேர்த்தார்கள். ஆர்னால்டின் முறையீட்டுக்கு அந்த இரண்டு நிபந்தனைகளும் பதில் சொல்கின்றன. 60 என்ற எண்ணை மட்டும் பிடித்துக்கொண்டு அவற்றை விட்டுவிட்டால், லோவின் காலத்துக்கே திரும்பிப் போவோம்.

வீட்டில் இதற்குக் கடிகாரம் வேண்டாம். புதிய கதை ஒன்றைக் கொடுத்துப் படிக்கச் சொல்லிக் காதுகொடுத்துக் கேளுங்கள். பொருள் நிற்கிற இடத்தில் குரலும் நிற்கிறதா, கேள்வி வருகிற இடத்தில் குரல் ஏறுகிறதா என்று கவனியுங்கள். முடித்ததும் பரீட்சைக்காரரைப்போல் மிரட்டாமல், "அவன் ஏன் அப்படிச் செய்தான்?" என்று கதையைப் பற்றி ஒரு கேள்வி கேளுங்கள். குழந்தை பதில் சொல்ல ஆரம்பித்தால், குறுக்கே பேசாமல் கேட்டுக்கொண்டிருங்கள்.