திரையில் வராத ஆள்

தமிழ் சினிமாவில் நாம் யாராக இருந்தோம் என்கிற கணக்கை நந்தனாரிலிருந்துதான் தொடங்கணும். 1935இல் கே.பி. சுந்தராம்பாள் நடித்த 'பக்த நந்தனார்', 1942இல் தண்டபாணி தேசிகர் நடித்த ஜெமினியின் 'நந்தனார்'. சேரிக்காரன் கும்பிட்டான், உருகினான், கதைப்படி நெருப்பில் இறங்கிச் சுத்தமானான். நெருப்பை மூட்டினவன் யாருன்னு கேமரா கேட்கவில்லை. பா. ரஞ்சித்தின் 'அட்டகத்தி' (2012), மாரி செல்வராஜின் 'பரியேறும் பெருமாள்' (2018) வந்த பிறகுதான் நம்ம ஆளு உரக்கப் பேசினான்.

இந்த வரிசையில் சேராமல், ஆனால் இதைப் புரட்டிப் போடுகிற எழுத்து பி.எஸ். வினோத்ராஜுடையது. மேலூர்க்காரர். சின்ன வயசிலேயே படிப்பு நின்று, திருப்பூர் ஆடைக் கம்பெனியில் வேலை செய்து, சென்னையில் டிவிடி கடையில் இருந்தபடி உலகப்படம் பார்த்தவர். புருசன் வீட்டிலிருந்து துரத்தப்பட்ட தன் சகோதரி கைக்குழந்தையோடு 13 கிலோமீட்டர் நடந்து வந்ததிலிருந்து 'கூழாங்கல்' எழுதினார். படத்தில் வெயிலில் நடப்பது ஆண். குடிகாரத் தகப்பனும் அவனுடைய மகனும். 2021இல் ராட்டர்டாம் விழாவில் புலி விருது பெற்றது.

அடுத்தது 'கொட்டுக்காளி' (2024). மீனா ஒடுக்கப்பட்ட சாதிப் பையனை விரும்புகிறாள். பேய் பிடிச்சிருக்குன்னு குடும்பமே அவளை ஆட்டோவில் ஏற்றிச் சாமியாரிடம் கொண்டுபோகுது. வழியில் ஒலிபெருக்கிப் பாட்டை அவள் முணுமுணுத்ததற்கு, கட்டிக்கப்போகிற முறைமாமன் அடிக்கிறான். தடுக்க வந்தவர்களையும் அடிக்கிறான். பின்னணி இசை கிடையாது. பார்க்கிறவனுக்கு வயிற்றைப் பிசையும்.

அந்தப் பையன் திரையில் வரவே இல்லை. மறுபடியும் நம்மை மறைச்சுட்டாங்கன்னு ஒருவர் கேட்கலாம். நியாயமான கேள்விதான். நான் வேறு மாதிரி பார்க்கிறேன். நந்தனார் படங்களில் நாம் தெரிந்தோம், கொளுத்தினவன் தெரியவில்லை. இளவரசன் (2013), கோகுல்ராஜ் (2015), உடுமலை சங்கர் (2016) சாவுகளிலும் பத்திரிகைகள் நம் பிணத்தைத்தான் படம் போட்டன. அந்த முடிவு எந்த வீட்டில், எந்தப் பாசமான பேச்சுக்கு நடுவில் வெந்தது என்று யாரும் எழுதவில்லை. வினோத்ராஜ் அந்த அடுப்படிக்குள் கேமராவை வைத்திருக்கிறார். இது சாதி இந்து வீட்டைப் பற்றிய சாட்சியம்.

ஆனால் பாதிச் சாட்சியம். அந்தப் பையனின் தெருவில் அன்றைக்கு ராத்திரி என்ன நடந்திருக்கும்? இளவரசன் கல்யாணத்தைச் சாக்கிட்டு 2012 நவம்பரில் தருமபுரி நத்தம் காலனியைக் கொளுத்தினார்களே, அந்த ராத்திரி. அதை எழுதவேண்டியது அவர் இல்லை, நாம்.

எங்கள் வடக்குப்பட்டில் 2022இல் தொல்லியல் துறை மண்ணைத் தோண்டிக் கற்கருவிகளை எடுத்தது. கல்லுக்கு வரலாறு எழுதியாச்சு. ஒரகடம் கம்பெனி பஸ்ஸில் ஷிப்ட் முடிந்து, சாதி பார்த்து வாடகைக்கு விடுகிற வீடுகளைத் தாண்டித் திரும்புகிற நம் பிள்ளைகளுக்கு யார் எழுதுவது? திருப்பூரிலிருந்து ஒருத்தர் வந்திருக்கிறார். ஒரகடத்திலிருந்தும் வரணும்.